அவளுக்கு அவ்வளவு வராதுங்க

எனக்கு முதல் வேலை கிடைத்த ஊருக்குப் பஸ் கிடையாது. திருவாரூர் போகிற ரோட்டில் இறங்கி, வாய்க்கால் கரையோடு முக்கால் மணி நேரம் நடக்க வேண்டும். மழைக்காலத்தில் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு, புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு நடப்பேன். பள்ளிக்கூடத்து அடிபம்பில் காலைக் கழுவிக்கொண்டுதான் வகுப்புக்குள் போவது. அப்போது எனக்கு இருபத்திரண்டு வயது. தஞ்சாவூர் டவுனில் பிறந்து வளர்ந்தவள். நெல்லைத் தெரியும். அதை யார் நடுகிறார்கள், யார் அறுக்கிறார்கள் என்று யோசித்ததே இல்லை.

ஆட்சி மாறி இரண்டு மூன்று வருஷம் ஆகியிருந்த நேரம் அது. அந்த ஊரில் பெரிய வீடு என்று ஒன்றுதான். கண்ணுக்கெட்டிய வயலில் பாதிக்கு மேல் அந்த வீட்டு மிராசுதாருக்குச் சொந்தம். பள்ளிக்கூடம் நின்ற இடமும் அவர் கொடுத்ததுதான். அவர் பழைய கட்சிக்காரர். ஆட்சி மாறியதும் அவருடைய மகன் தோளில் கறுப்பு சிவப்புக் கரை போட்ட துண்டு ஏறிக்கொண்டது. வாய்க்காலுக்குத் தெற்கே அந்த வயல்களில் வேலை செய்கிறவர்களின் தெரு. ஊரில் சேரி என்பார்கள். அங்கே தெரு முனையில் ஒரு மூங்கிலில் செங்கொடி பறந்தது.

பள்ளிக்கூடத்தில் நாங்கள் இரண்டு பேர். ஹெட்மாஸ்டர் நாலாவதும் ஐந்தாவதும் பார்த்துக்கொண்டார். முதல் மூன்று வகுப்பும் எனக்கு. வெள்ளிக்கிழமை கடைசி பீரியட் டிராயிங். முதல் வெள்ளிக்கிழமை, "எல்லாரும் ஒரு படம் வரைங்க" என்றேன். ஐம்பது பிள்ளைகளும் ஒரே படத்தை வரைந்தார்கள். இரண்டு மலை, நடுவில் சூரியன், கீழே ஒரு வீடு, பக்கத்தில் ஒரு தென்னை மரம்.

"மலையை யாராச்சும் பாத்திருக்கீங்களா?" என்று கேட்டேன்.

யாரும் பார்த்ததில்லை. எனக்கு முன்னால் இருந்த வாத்தியார் பலகையில் போட்டுக் காட்டிய படம் அது. அதைத் தவிர வேறு எதை வரைந்தாலும் தலையில் குட்டு விழும் என்று ஒரு பையன் சொன்னான்.

எனக்குப் படமே வராது. பயிற்சிப் பள்ளியில் டிராயிங்கில் தட்டுத் தடுமாறித்தான் தேறினேன். அன்றைக்குப் பிள்ளைகளைச் சிரிக்க வைக்கலாம் என்று பலகையில் ஒரு மாடு போட்டேன். அது நாற்காலி மாதிரி இருந்தது. வகுப்பே உருண்டு உருண்டு சிரித்தது. "டீச்சருக்கு இவ்வளவுதான் வரும். அதனால நீங்க என்னைப் பாத்து வரைய வேண்டாம். காலையில வீட்டுலேர்ந்து வர்றப்ப என்ன பாத்தீங்களோ அதை வரைங்க" என்றேன்.

சிரிப்பு நின்றது. சிலேட்டை மடியில் வைத்துக்கொண்டு அப்படியே உட்கார்ந்திருந்தார்கள். என்ன வேண்டுமானாலும் வரையலாம் என்றால் பிள்ளைகளுக்கு அவ்வளவு பயம் வரும் என்று எனக்கு அப்போதுதான் தெரிந்தது.

மூன்றாம் வகுப்பில் ஜன்னலோரம் ஒரு பெண் உட்கார்ந்திருப்பாள். தெற்குத் தெரு. ஒன்பது வயது இருக்கும், கை மட்டும் வயசுக்கு மீறி நீளம். அவள் வரைந்துகொண்டுதான் இருந்தாள். நான் கிட்டே போனதும் சிலேட்டை மார்போடு சேர்த்து அணைத்துக்கொண்டாள். கையை எடுத்தபோது அங்கே ஒன்றும் இல்லை. பாவாடையில் துடைத்துவிட்டிருந்தாள்.

அடுத்த வெள்ளிக்கிழமையும் அப்படித்தான். காட்டு என்று நான் கேட்கவில்லை. அவள் பக்கமே போகவில்லை. மற்றப் பிள்ளைகள் கொண்டுவந்து காட்டியதை நன்றாக இருக்கிறது, நன்றாக இல்லை என்று சொல்லாமல், "இது யாரு? இவரு எங்க போறாரு?" என்று மட்டும் கேட்டேன். பிள்ளைகள் கதை கதையாகச் சொன்னார்கள். அவள் அதையெல்லாம் கேட்டுக்கொண்டிருந்தாள். ஒன்றரை மாசம் கழித்து ஒரு நாள், மணி அடித்து எல்லோரும் ஓடிய பிறகு, சிலேட்டை என் மேஜை மேல் கவிழ்த்து வைத்துவிட்டு வாசலில் போய் நின்றுகொண்டாள். திருப்பிப் பார்த்தேன். நடவு நடும் பெண்கள், வரிசையாக ஆறேழு முதுகுகள். கால்கள் பாதியில் தண்ணீருக்குள் மறைந்திருந்தன. ஒருத்திக்கும் முகம் இல்லை.

"முகம் எங்கம்மா?"

"நடுறப்ப முகம் தெரியாது டீச்சர்" என்றாள் வாசலில் இருந்தே. "வரப்புல நின்னா முதுகுதான் தெரியும்."

அந்தச் சிலேட்டை நான் அழிக்க விடவில்லை. திங்கட்கிழமை வரும்போது தஞ்சாவூரில் எங்கள் வீட்டில் இருந்த பழைய காலண்டர் தாள்களை எல்லாம் கிழித்து எடுத்துவந்து, "இதுல போடு, இது அழியாது" என்று கொடுத்தேன். அடுப்புக்கரியால் அதே படத்தைப் பெரிதாகப் போட்டுக் கொண்டுவந்தாள். ஹெட்மாஸ்டர் கண்ணாடியை ஏற்றிப் பார்த்துவிட்டு, "முகம் இல்லாம என்ன படம்? மூக்கு முழியோட போடச் சொல்லுங்க" என்றார்.

"அவ பாத்தது அதுதான் சார்" என்றேன். அப்போது எனக்கு அந்தத் தைரியம் இருந்தது.

ஒரு நாள் அவளுடைய அம்மா வந்தாள். வயலிலிருந்து நேராக வந்திருந்தாள், காலெல்லாம் சேறு. உள்ளே வாங்க என்றால் வரவில்லை. நான் படத்தை வாசலுக்கு எடுத்துப் போய்க் காட்டினேன். கொஞ்ச நேரம் உற்றுப் பார்த்துவிட்டுச் சிரிக்க ஆரம்பித்தாள். "இது எங்க நாத்தனா. இவதான் இப்படி ஒரு பக்கமாச் சாஞ்சு நடுவா. இது நான். இது மேலண்டை வீட்டுக்காரி, எந்திரிக்கவே மாட்டா." ஒவ்வொரு முதுகையும் அடையாளம் சொன்னாள். அந்தப் பெண் அம்மாவின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

அதற்குப் பிறகு அவள் எதையும் மறைக்கவில்லை. காலையில் வரும்போதே, "இன்னைக்கு ஆத்து மதகைப் போடப்போறேன் டீச்சர்" என்பாள். சின்னப் பிள்ளைகள் அவளிடம் போய், "அக்கா, ஆடு வரைஞ்சு குடு" என்றால், "நீ எந்த ஆட்டைப் பாத்தே?" என்று கேட்பாள். நான் கேட்கிற மாதிரியே கேட்பாள். நான் பிள்ளைகளுக்கு ஒன்றை மட்டும் திரும்பத் திரும்பச் சொல்லியிருந்தேன். யாராவது இதை யார் வரைந்தது என்று கேட்டால் தலையைக் குனியக் கூடாது. எழுந்து நின்று, 'நான் வரைஞ்சது' என்று சொல்ல வேண்டும். ஒவ்வொருவராக நிற்க வைத்துச் சொல்லிப் பழக்கினேன். அவளுக்குத்தான் ரொம்ப நாள் ஆயிற்று. பிறகு எல்லோரையும் விடத் தெளிவாக அவள்தான் சொன்னாள்.

அந்த வருஷம் சம்பா அறுவடையின்போது தெற்குத் தெருக்காரர்கள் கூலி நெல்லைக் கூட்டிக் கேட்டார்கள். பெரிய வீட்டில் முடியாது என்றுவிட்டார்கள். இவர்கள் வயலில் இறங்க மறுத்தார்கள். ஒரு வாரம் கழித்து வெளியூர் ஆட்களை லாரியில் கொண்டுவந்து இறக்கினார்கள். அவர்களை மறிக்கப் போனவர்களுக்கும் பண்ணை ஆட்களுக்கும் வயலிலேயே கைகலப்பு. மறுநாள் போலீஸ் வந்தது. தங்குவதற்கு வேறு இடம் இல்லை என்று பள்ளிக்கூடத்தைக் கேட்டார்கள். பத்து நாள் லீவு விட்டோம்.

திரும்பிப் போனபோது வகுப்பில் பீடித் துண்டுகளும் அடுப்பு மூட்டிய கல்லும் கிடந்தன. தெற்குத் தெருப் பிள்ளைகள் பாதிப் பேர்தான் வந்தார்கள். அவளுடைய சித்தப்பாவின் வலது கை முறிந்து தஞ்சாவூர் பெரியாஸ்பத்திரியில் இருக்கிறார் என்று சொன்னார்கள். வைக்கோல் வண்டியிலிருந்து விழுந்துவிட்டதாகப் போலீசில் எழுதியிருக்கிறார்கள் என்றும் சொன்னார்கள்.

அந்த வெள்ளிக்கிழமை அவள் ஒரு காலண்டர் தாளைச் சுருட்டிக் கொண்டுவந்தாள். இந்த முறை விரித்துக் காட்டவில்லை, என் கையில் கொடுத்தாள்.

பெரிய வீட்டுக் களம். ஒரு பக்கம் நெல் தூற்றி அம்பாரமாகக் கிடக்கிறது. அதன் முன்னால் எட்டுப் பேர். ஏழு பேர் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருக்கிறார்கள். தோளில் துண்டு இல்லை. எட்டுத் துண்டுகளும் ஓரமாக ஒரே குவியலாகக் கிடக்கின்றன. ஒருவர் மட்டும் தரையில் படுத்திருக்கிறார், கை திரும்பக் கூடாத பக்கம் திரும்பியிருக்கிறது. அவர் பக்கத்தில் ஒருவர் முழங்கையில் குடையை மாட்டிக்கொண்டு நிற்கிறார். பெரிய வீட்டுக் காரியக்காரர், பண்ணை வேலையெல்லாம் மேற்பார்க்கிறவர், வெயிலானாலும் மழையானாலும் அப்படித்தான் குடையை மாட்டியிருப்பார். ஊரில் வேறு யாரும் அப்படிச் செய்வதில்லை. இந்தப் படத்தில் எல்லோருக்கும் முகம் இருந்தது.

"நீ எங்கேர்ந்து பாத்தே?"

"வைக்கப்போருக்குப் பின்னால டீச்சர். சித்தப்பாவைக் களத்துல பிடிச்சு வச்சிருந்தாங்க, கஞ்சி எடுத்துட்டுப் போனேன்."

மாசி மாசம் பள்ளி ஆண்டு விழா வந்தது. பிள்ளைகள் வரைந்த படங்களைச் சுவர் முழுக்க ஒட்டலாம் என்று நான்தான் சொன்னேன். கல்வி அலுவலகத்திலிருந்து அதிகாரி வருவதாக இருந்தது. அவர் பார்க்க வேண்டும் என்ற ஆசை எனக்கு. இருபது படம் எடுத்து வைத்தேன். களத்துப் படத்தையும் எடுத்து வைத்தேன்.

"அது வேணாம் டீச்சர்" என்றாள்.

"ஏன்?"

"அப்பா வேணாம்னு சொல்லும்."

"நீ பாத்ததைத்தானே வரைஞ்சிருக்கே? நீ வரைஞ்சதுக்கு நீயே பயந்தா எப்படி?"

அவள் படத்தை ஒரு தடவை எடுத்துப் பார்த்தாள். பிறகு, "சரிங்க டீச்சர்" என்றாள்.

நான் ஏன் அப்படிச் செய்தேன் என்று எத்தனையோ தடவை யோசித்திருக்கிறேன். சின்னப் பிள்ளை படத்தை யார் அவ்வளவு உற்றுப் பார்க்கப் போகிறார்கள் என்று நினைத்தேன் என்று சொல்லிக்கொள்வேன். அது முழு உண்மை இல்லை. அது அவ்வளவு நல்ல படம். அதை நான் உருவாக்கியதாக ஒரு பெருமை எனக்கு இருந்தது. அவள் பயந்த பயம் என்ன பயம் என்று எனக்குத் தெரியாது. சாயங்காலம் பஸ் ஏறித் தஞ்சாவூர் போய்விடுகிறவள் நான்.

விழா அன்றைக்கு மத்தியானம் அதிகாரி வரவில்லை. மிராசுதார்தான் தலைமை. வெள்ளை வேட்டி, தங்க பிரேம் கண்ணாடி. அதிர்ந்து பேசாத மனுஷர். பின்னால் மகன், அதற்கும் பின்னால் குடையோடு காரியக்காரர். பிள்ளைகள் சுவரோரம் வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். தெற்குத் தெருப் பெற்றோர்கள் வெளியே வேப்ப மரத்தடியில் நின்றார்கள், அவளுடைய அப்பாவும் அங்கே இருந்தார்.

மிராசுதார் ஒவ்வொரு படமாகப் பார்த்துக்கொண்டு வந்தார். "கிளி பேஷா இருக்கே" என்றார். மதகுப் படத்தின் முன்னால் நின்று, "நம்ம மதகு" என்று மகனிடம் காட்டினார். அப்புறம் களத்துப் படத்துக்கு வந்தார்.

அங்கே அவர் நின்ற நேரம் எவ்வளவு என்று சொல்லத் தெரியவில்லை. கண்ணாடியைக் கழற்றி, துண்டால் துடைத்து, மறுபடி மாட்டிக்கொண்டு பார்த்தார். காரியக்காரர் முழங்கையில் இருந்த குடையை மெல்லக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டார்.

"இதை யாரு வரைஞ்சது?" மிராசுதாரின் குரல் கிளியைப் பாராட்டிய அதே குரல்தான்.

ஹெட்மாஸ்டர் என்னைப் பார்த்தார். நான் வாயைத் திறப்பதற்குள் அவள் எழுந்து நின்றாள். நான் பழக்கியிருந்த மாதிரியே, தலையைக் குனியாமல்.

"நான் வரைஞ்சதுங்க."

"நீயா? நீயே வரைஞ்சியா, யாராச்சும் சொல்லிக் குடுத்தாங்களா?"

"நானேதாங்க."

மகன், "சின்னக் கழுதை இதெல்லாம் தானா வரையுமாப்பா? செங்கொடிக்காரனுங்க வேலை" என்றான். மரத்தடியில் அவளுடைய அப்பா இரண்டு கையையும் கூப்பிக்கொண்டு முன்னால் வந்தார். "ஆண்டே, அது சின்னப் புள்ளைங்க. ஒண்ணும் தெரியாதுங்க."

மிராசுதார் அவர் பக்கம் திரும்பவில்லை. என்னைப் பார்த்தார். "நீங்க சொல்லுங்கம்மா. இவதான் வரைஞ்சாளா?"

அந்தப் பெண்ணைக் காப்பாற்ற வேண்டும் என்று தோன்றியது, அது பொய் இல்லை. என் வேலையும் தோன்றியது. வீட்டில் என் சம்பளத்தை எதிர்பார்த்துக்கொண்டிருந்த அம்மாவும் தோன்றினாள்.

"இல்லைங்கய்யா" என்றேன். "ஏதோ பழைய பத்திரிகைப் படம் ஒண்ணு. அதைப் பாத்து நான்தான் கோடு போட்டுக் குடுத்தேன். அது மேல கரியை ஓட்டியிருக்கா. அவளுக்கு அவ்வளவு வராதுங்க."

"அதானே பாத்தேன்" என்றார் மிராசுதார்.

அந்த ஹாலில் இருந்த எல்லாப் பிள்ளைகளுக்கும் நான் போட்ட மாடு தெரியும். ஒருவரும் சத்தம் போடவில்லை. அவள் இன்னும் நின்றுகொண்டுதான் இருந்தாள். என்னைக் கோபமாகப் பார்த்திருந்தால் கூடத் தேவலை. தப்பாகக் கணக்குப் போட்டுவிட்டு வாத்தியார் திருத்தியதும் சரி என்று தலையாட்டுவார்களே, அந்த மாதிரி மெல்லத் தலையாட்டிவிட்டு உட்கார்ந்தாள். காரியக்காரர் படத்தைக் கிழிக்காமல் பதமாகப் பிரித்தெடுத்து, சுருட்டி எடுத்துப் போனார். அப்புறம் பரிசு கொடுத்தார்கள். மிட்டாய் கொடுத்தார்கள்.

நான் சொன்ன பொய்யால் யாரும் பிழைக்கவில்லை. அந்த வாரமே அவளுடைய அப்பாவுக்குப் பெரிய வீட்டில் வேலை நின்றது. வேறு யாரும் கூப்பிடவும் இல்லை. அவர்கள் குடிசை இருந்த மனை பெரிய வீட்டு மனை, காலி பண்ணச் சொன்னார்கள். நான் ஹெட்மாஸ்டரிடம் போய் அழுதேன். "படத்தை ஒட்டறதுக்கு முன்னால எங்கிட்ட ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்ல? இப்ப அழுது என்னம்மா பண்றது?" என்றார். அவர் சொன்னதில் தப்பில்லை.

அவர்கள் போவதற்கு முன்னால் ஒரு வெள்ளிக்கிழமை அவள் பள்ளிக்கூடத்துக்கு வந்தாள். கடைசி பீரியட். மற்றவர்கள் வரைய ஆரம்பித்தார்கள். அவள் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். நான் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். "நீ வரையலையாம்மா?" என்று கேட்டேன்.

"எதைப் பாத்து டீச்சர் வரையணும்?" என்றாள்.

அவள் குத்திக் காட்டவில்லை. அவளுக்கு அப்படிப் பேசத் தெரியாது. உண்மையாகவே கேட்டாள்.

பங்குனியில் அவர்கள் பட்டுக்கோட்டைப் பக்கம் போய்விட்டார்கள், தென்னந்தோப்பு வேலைக்கு. அந்த வருஷக் கடைசியில் நான் மாற்றல் கேட்டு வாங்கிக்கொண்டு திருவையாற்றுப் பக்கம் வந்துவிட்டேன்.

ஐந்தாறு வருஷம் கழித்து, கூட வேலை பார்த்த டீச்சரின் கல்யாணத்துக்குப் பட்டுக்கோட்டை போக வேண்டியிருந்தது. அதற்கு முன்பே தெற்குத் தெருவில் விசாரித்து அவர்கள் இருக்கும் இடத்தைத் தெரிந்து வைத்திருந்தேன். கல்யாணச் சாப்பாடு கூடச் சாப்பிடாமல், தஞ்சாவூரில் வாங்கி வைத்திருந்த வர்ணப் பெட்டியை எடுத்துக்கொண்டு போனேன். தோப்புக்குள் தேங்காய் மட்டை உரிக்கும் இடம். நிலத்தில் நட்ட இரும்புப் பாரையில் தேங்காயைக் குத்தி, திருகி, மட்டையைப் பிரித்துக்கொண்டிருந்தவர்களில் அவளும் ஒருத்தி. நன்றாக உயர்ந்திருந்தாள். என்னைப் பார்த்ததும் அடையாளம் கண்டுகொண்டாள்.

"வாங்க டீச்சர்" என்று கையைப் பாவாடையில் துடைத்துக்கொண்டு ஓடிவந்தாள். உள்ளங்கை முழுக்கக் காய்ப்பு. அம்மா போன வருஷம் மஞ்சள் காமாலையில் போய்விட்டதாகச் சொன்னாள். சித்தப்பாவுக்குக் கை சரியாகவில்லை, ஊரில்தான் இருக்கிறார் என்றாள். எனக்கு ஒரு இளநீர் வெட்டச் சொன்னாள்.

நான் பெட்டியைக் கொடுத்தேன். திறந்து பார்த்துவிட்டு மூடினாள். "பக்கத்து வீட்டுல ஒரு பாப்பா இருக்கு டீச்சர், அதுக்குக் குடுக்கறேன். நல்லாப் போடும்."

"நீ போடறதில்லையா?"

"எனக்கு எங்க டீச்சர் வரும்?"

உண்மையைச் சொல்லத்தானே வந்தேன், சொல்லிவிட்டேன். "அன்னைக்கு நான் சொன்னது பொய்ம்மா. அந்தப் படம் நீ வரைஞ்சது. நான் ஒரு கோடு கூடப் போடலை. உனக்கு நல்லாத் தெரியும்."

அவள் என்னை ஒரு மாதிரி இரக்கத்தோடு பார்த்தாள். "இல்ல டீச்சர். நீங்கதான் கோடு போட்டுக் குடுத்தீங்க. நான் மேல கரிதான் ஓட்டினேன். பத்திரிகைப் படம்னு சொன்னீங்களே."

"பொய் சொன்னேன்மா."

"விடுங்க டீச்சர். அது எப்பவோ நடந்தது."

என்னைச் சமாதானப்படுத்தச் சொன்னாளா, அப்படியே நம்பிவிட்டாளா என்று அவள் முகத்தைப் பார்த்துப் பார்த்துத் தேடினேன். எனக்குத் தெரியவில்லை. மேஸ்திரி கூப்பிட்டார். "சாப்பிட்டுட்டுப் போங்க டீச்சர், அப்பா வந்துரும்" என்று சொல்லிவிட்டு வேலைக்குப் போனாள். அவளுடைய அப்பாவைப் பார்க்க எனக்குத் தெம்பு இல்லை. பஸ் ஏறிவிட்டேன்.

அதற்கப்புறம் இருபத்தைந்து வருஷத்துக்கு மேல் வேலை பார்த்தேன், ஹெட்மிஸ்ட்ரஸ் ஆனேன். எங்கள் பள்ளிக்கூடச் சுவரில் எப்போதும் பிள்ளைகளின் படங்கள் இருக்கும். வருகிறவர்கள் எல்லோரும் நன்றாக இருக்கிறது என்பார்கள். கடைசி வருஷம் ஆண்டு விழாவுக்கு முன்னால் நாலாவது படிக்கிற பெண் ஒருத்தி வந்து, "டீச்சர், எங்க தெருவுல வீட்டை இடிச்சாங்கள்ல, அதை வரையட்டுமா?" என்று கேட்டாள். கண்ணெல்லாம் ஆர்வம்.

"வேணாம்மா. பூ வரை" என்றேன்.

சரி டீச்சர் என்று சொல்லிவிட்டுப் போய் ஒரு செம்பருத்தி வரைந்து வந்தாள். நன்றாகத்தான் இருந்தது. ஒட்டினோம்.